கூவாப்பள்ளம்

எங்கள் ஊர்ப் பெண்கள் விசிலடிப்பார்கள். ஜெயங்கொண்டம் சந்தையில் இதைச் சொல்லி எங்களைக் கிண்டல் செய்யாத ஆள் கிடையாது. "பொரசங்காட்டுல பொண்ணு எடுத்தா வூடே சினிமாக் கொட்டாயி ஆயிடும்ய்யா" என்பார்கள். சிரித்துவிட்டுப் போகட்டும். கூவாப்பள்ளத்தை ஒட்டி நிலம் இருந்தால் அவர்கள் வீட்டுப் பெண்களும் விசிலடிப்பார்கள்.

குன்னத்திலிருந்து டவுன் பஸ் ஏறிக் கடைசி நிறுத்தத்தில் இறங்கினால் எங்கள் ஊர். பருத்தியும் மக்காச்சோளமும் முடிகிற இடத்தில் தரை சட்டென்று உடைந்து கீழே இறங்கும். மஞ்சளும் சிவப்புமாக வெடித்த களிமண். ஒரு புல் முளைக்காது. சரிவுகளில் கிளிஞ்சல்கள் கல்லாகிப் பதிந்து கிடக்கும். காலால் மிதித்தால் கெட்டியாகத்தான் தெரியும். அடுத்த அடி வைக்கும்போது பொரி உருண்டை மாதிரி உதிர்ந்து ஆளை உள்ளே இழுத்துக்கொண்டு போய்விடும். ஆழம் எவ்வளவு என்று யாருக்கும் தெரியாது. அளக்கக் கயிறு விட்டவர்களுக்குக் கயிறு போதவில்லை. காலேஜிலிருந்து சுத்தியலோடு வந்த சார் ஒருவர், இங்கே ஒரு காலத்தில் கடல் இருந்தது என்று சொன்னார். போன கடல் தன் காதை மட்டும் இங்கே விட்டுவிட்டுப் போயிருக்கிறது என்று நாங்கள் நினைத்துக்கொண்டோம்.

ஏனென்றால் அந்தப் பள்ளம் கேட்கும். விளிம்பிலிருந்து இருபது முப்பது அடி தள்ளி வெள்ளைக் கற்களை வரிசையாக நட்டிருக்கிறோம். அதைத் தாண்டி உள்ளே போனால் உயிரோடு இருக்கும் யாருடைய பெயரையும் சொல்லக் கூடாது. சொன்னால் பள்ளம் அந்தப் பெயரைப் பிடித்துக்கொண்டு அந்த ஆளை விடாமல் கூப்பிடும். அதனால்தான் விசில். ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு விசில் உண்டு. எங்கள் வீட்டுக்கு இரண்டு நீளம், ஒரு குட்டை.

செத்தவர் பெயரைச் சொன்னால் கதை வேறு. செத்தவரே பதில் சொல்வார். அதே குரல், ஒரே ஒரு வாக்கியம். செத்தவர் ஒருவருக்கு, யார் கூப்பிட்டாலும், மொத்தம் மூன்று முறைதான். மூன்றுக்கு மேல் கூப்பிட்டால் அப்போதும் அதே குரல் வரும், ஆனால் பேசுவது அவர் இல்லை, பள்ளம். அது ஒரு வாக்கியத்தோடு நிற்காது. கிட்டே வா, இன்னும் கிட்டே வா என்று பேசிக்கொண்டே இருக்கும். மேலத் தெரு அய்யம்பெருமாள் செத்துப்போன தம்பியை நான்காவது முறை கூப்பிடப் போனார். துண்டு மட்டும் விளிம்பில் கிடந்தது.

எண்ணிக்கை தப்பக் கூடாது என்பதற்காக ஒரு வழக்கம் வைத்திருக்கிறோம். கருமாதி அன்று பள்ளத்துக் கிளிஞ்சல் கற்கள் மூன்றை மஞ்சள் துணியில் முடிந்து வீட்டு உத்தரத்தில் கட்டுவோம். அந்த வீட்டில் யார் போய்க் குரல் கேட்டாலும் ஒரு கல்லை எடுத்துக்கொண்டு போய்ப் பள்ளத்தில் போட்டுவிட வேண்டும். முடிச்சில் எத்தனை கல் இருக்கிறதோ அத்தனை குரல் மிச்சம். இன்னொன்று, குரல் என்ன சொன்னது என்பதை மூன்றும் முடிகிற வரைக்கும் கட்டின பெண்டாட்டியிடம்கூடச் சொல்லக் கூடாது. சொன்னால் மிச்சக் குரல் ஊமையாகிவிடும்.

இதெல்லாம் எனக்கு நடக்கத் தெரிந்த நாளிலிருந்தே தெரியும். எல்லாம் தெரிந்த இந்த நல்லுசாமி, நான்தான் இந்த வேலையைச் செய்தேன்.

என் மகள் பிரவீணா 1999 ஐப்பசியில் காய்ச்சலில் போனாள். ஒன்பது வயது. திங்கட்கிழமை ஸ்கூலுக்குப் போனவள், வெள்ளிக்கிழமை இல்லை. ஒரே பிள்ளை. எங்கள் வீட்டில் அவள் அம்மா அமிர்தவல்லியின் பிள்ளை என்பதைவிட என் பிள்ளை என்பதுதான் சரி. நான் காட்டுக்குப் போனால் பின்னாலேயே வருவாள். செவலைப் பசு பருத்திக்குள் வாய் வைத்தால் அதை வளைத்து ஓட்டுவது அவள் பொறுப்பு.

என் முன்பல் இரண்டை இளவயதில் ஒரு காளை எடுத்துக்கொண்டது. அதனால் எனக்கு விசில் வராது. வருவதும் காற்றுப் போன டியூப் மாதிரி புஸ்ஸென்று வரும். அமிர்தவல்லி புதுப்பெண்ணாக வந்த மாதமே விசில் பழகிவிட்டு, என் விசிலைக் கேட்டு விழுந்து விழுந்து சிரித்தவள். அதனால் நான் மகளைப் பெயர் சொல்லியே கூப்பிடுவேன். கல் வரிசைக்கு இந்தப் பக்கம் தடை இல்லையே.

"பிரவீணா, மாட்ட வளைச்சு ஓட்டு!"

"தோ வரேன்ப்பா!"

உடனே பதில் வந்துவிடும், ஆள் வராது. அவளுடைய 'தோ'வுக்கு அரை மணி நேரம் என்று அர்த்தம். ஓணானைப் பார்த்துக்கொண்டிருப்பாள், இல்லாவிட்டால் கல்லாங்காய் ஆடிக்கொண்டிருப்பாள். ஆட்டம் முடிந்த பிறகு ஒன்றுமே நடக்காதது போல வந்து நிற்பாள். எப்படியும் வந்துவிடுவாள், அது மட்டும் நிச்சயம்.

அவள் போன அடுத்த தை மாதம். சோளம் அறுத்த தட்டையைக் கட்டிக்கொண்டிருந்தேன். நிமிர்ந்து பார்த்தால் செவலை வெள்ளைக் கல்லைத் தாண்டி விளிம்பை நோக்கிப் போய்க்கொண்டிருந்தது. பதறிப்போய் ஓடினேன். கண் மாட்டின் மேல்தான் இருந்தது, கல்லின் மேல் இல்லை. நான் எங்கே நிற்கிறேன் என்ற நினைப்பில்லாமல், நாலைந்து வருஷப் பழக்கத்தில், வாய் தானாகக் கத்திவிட்டது.

"ஏ பிரவீணா, மாட்ட வளைச்சு ஓட்டு!"

வாயை மூடுவதற்குள் கீழேயிருந்து வந்தது.

"தோ வரேன்ப்பா!"

அதே குரல். கடைசியில் கொஞ்சம் இழுக்கும் அதே இழுப்பு. நான் ஓடினேன். மாட்டையும் விட்டுவிட்டு, கட்டின தட்டையையும் விட்டுவிட்டு, திரும்பிப் பார்க்காமல் வீடு வரைக்கும் ஓடினேன். சாயங்காலம் செவலை தானாக நடந்து வந்து கட்டுத்தறியில் நின்றது. மாட்டுக்கு இருந்த நிதானம் எனக்கில்லை.

உத்தரத்தில் மூன்று கல் இருந்தது. அன்றைக்கே முடிச்சை அவிழ்த்து ஒன்றை எடுத்திருக்க வேண்டும். ஆனால் அமிர்தவல்லி அப்போது சுவரைப் பார்த்துப் படுத்தே கிடந்தாள். சோறு இறங்கவில்லை. திரும்பிப் படுத்தால் அந்த மஞ்சள் முடிச்சை மட்டும் பார்ப்பாள். எந்த முகத்தோடு அவளிடம் போய், ஒன்று போச்சு என்று சொல்வேன்? போனது போகட்டும், எதற்காகப் போச்சு என்று கேட்பாளே! மாடு ஓட்டுவதற்கு என்று சொல்ல என்னால் முடியாது. நாளைக்குச் சொல்லலாம் என்று இருந்தேன். நாளை என்பது எனக்குக் கடைசி வரைக்கும் வரவில்லை.

ஆடி மாதம் அவள் எழுந்து குளித்து, ஒரு கல்லை எடுத்துக்கொண்டு தனியாகப் பள்ளத்துக்குப் போனாள். திரும்பி வந்தவள் நேரே என்னைத் தேடிக் காட்டுக்கு வந்தாள். நான் வெங்காயத்துக்குப் பாத்தி கட்டிக்கொண்டிருந்தேன். வரப்பில் நின்று ரொம்ப நேரம் என்னையே பார்த்தாள். தெரிந்துவிட்டது என்றே நினைத்தேன்.

"சாப்பிட்டீங்களா?" என்றாள்.

"இன்னும் இல்ல."

"வாங்க, சோறு போடறேன்."

அன்றிலிருந்து அவளும் சாப்பிட ஆரம்பித்தாள். அடுத்து வந்த ஐப்பசியில் பிள்ளை போன நாளன்று இரண்டாவது கல்லை எடுத்துக்கொண்டு போனாள். அன்றும் அதே போல வந்து என் முன்னால் நின்று என்னைப் பார்த்தாள். இந்த முறை கண் நிறைந்திருந்தது.

என் கணக்குப்படி அன்றோடு மூன்றும் முடிந்துவிட்டது. அவள் கணக்குப்படி இன்னும் ஒன்று மிச்சம். உத்தரத்து முடிச்சும் அவள் பக்கம்தான் பொய்சாட்சி சொன்னது. அந்தப் பொய்சாட்சியைக் கட்டித் தொங்கவிட்டவன் நான்.

ஒருநாள் சோறு போட்டுக்கொண்டே சொன்னாள்.

"மூணாவது உங்களுக்குன்னு வச்சிருக்கேன். நீங்க போயிக் கேளுங்க."

தண்ணீரை எடுத்துக் குடித்தேன். "நீயே கேட்டுக்க. எனக்கு எதுக்கு?"

"இல்லைங்க. நீங்கதான் போகணும்."

"ஏன் நாந்தான் போகணும்?"

"காரணத்தச் சொல்லக் கூடாது. மூணும் முடியட்டும், சொல்றேன். நீங்க போங்க."

அந்த நிமிஷத்தில் சொல்லியிருக்கலாம். தட்டைத் தள்ளிவைத்துவிட்டு, "அடியே, மூணும் முடிஞ்சிடுச்சு" என்று சொல்லியிருந்தால் அழுதிருப்பாள், அடித்திருப்பாள், அதோடு போயிருக்கும். நான் மோர் ஊற்றச் சொன்னேன்.

அப்புறம் வருஷா வருஷம் கேட்டாள். ஒரு வருஷம் பருத்திக்கு மருந்தடிக்கணும் என்றேன். ஒரு வருஷம் வெங்காயம் பிடுங்கணும் என்றேன். ஒரு வருஷம் கால்வலி. இதற்கிடையில் கவர்மெண்டு எங்கள் மாவட்டத்தையே இரண்டாகப் பிரித்து, மறு வருஷமே ஒன்றாகச் சேர்த்துவிட்டது. பிரித்ததைக்கூடச் சேர்க்க முடிகிறது, வாயைத் திறந்து ஒரு வார்த்தை சொல்ல எனக்கு முடியவில்லை. அவளுக்கோ நான் நாளுக்கு நாள் கல்லாகிக்கொண்டிருந்தேன். பெற்ற பிள்ளையின் குரலைக் கேட்கப் பிரியப்படாத ஒருவனோடு எப்படிக் குடும்பம் நடத்துவது? நடத்தினாள். பேச்சு குறைந்துகொண்டே வந்தது.

2006ஆம் வருஷம், பத்தாவது ரிசல்ட் வந்த சமயம். என் அண்ணன் மகள் அபிநயா ஜாங்கிரிப் பொட்டலத்தோடு வந்தாள். நானூற்றுச் சொச்சம் மார்க்காம். பிரவீணாவும் அவளும் ஒரே வருஷம் பிறந்தவர்கள், ஒரே பெஞ்சில் உட்கார்ந்தவர்கள். அமிர்தவல்லி அவளுக்குத் திருநீறு பூசி, கன்னத்தைத் தடவி, சிரித்து அனுப்பிவைத்தாள். அந்தப் பெண் வாசல் தாண்டும் வரைக்கும்தான் சிரிப்பு இருந்தது.

"இன்னும் எத்தன வருசம் தள்ளிப் போடுவீங்க?" என்றாள். "அவ காத்துக்கிட்டு இருக்கா."

"செத்தவ எங்கேருந்து காத்துக்கிட்டு இருக்கறது? போயி வேலயப் பாரு."

சொன்ன பிறகுதான் என் வாயிலிருந்து என்ன வந்தது என்று எனக்கே உறைத்தது. பயந்தவன் வாயில் நல்ல வார்த்தை வராது. அவள் கையில் இருந்த ஜாங்கிரியை அப்படியே தட்டில் வைத்தாள்.

"பெத்த அப்பனாய்யா நீ?"

கல்யாணமாகிப் பதினெட்டு வருஷத்தில் அன்றுதான் என்னை 'ங்க' போடாமல் பேசினாள்.

மறுநாள் உச்சிவெயிலில் காட்டிலிருந்து தண்ணீர் குடிக்க வீட்டுக்கு வந்தேன். சொம்பைத் தூக்கி அண்ணாந்து குடிக்கும்போது உத்தரம் கண்ணில் பட்டது. முடிச்சு இல்லை.

சொம்பு எங்கே விழுந்தது என்று தெரியாது. செருப்பில்லாமல் ஓடினேன். கல் வரிசைக்குத் தூரத்திலேயே அவளைப் பார்த்துவிட்டேன். சரிவில் இறங்கிக்கொண்டிருந்தாள். நீலப் புடவை. கீழேயிருந்து குரல் வந்துகொண்டிருந்தது, என் மகள் குரல்.

"அம்மா... இங்கம்மா... கால்ல முள்ளு குத்திடுச்சும்மா... இன்னும் ஒரு எட்டும்மா..."

ஒரு வாக்கியத்தோடு நிற்கவில்லை. இதற்குள் ஊரில் யாராக இருந்தாலும் திரும்பியிருப்பார்கள். அவள் எப்படித் திரும்புவாள்? அவள் கணக்குப்படி இது மூன்றாவது, இது பிள்ளையேதான். காலில் முள் குத்திய பிள்ளை கூப்பிட்டால் எந்தத் தாய் வாக்கியத்தை எண்ணிக்கொண்டு நிற்பாள்?

அவள் பெயரைக் கத்த வாய் துடித்தது. கத்தியிருந்தால் பள்ளம் அவள் பெயரையும் பிடித்துக்கொண்டிருக்கும். இரண்டு விரலை வாயில் வைத்து ஊதினேன். புஸ்ஸென்று காற்றுதான் போனது. மறுபடி ஊதினேன். பல்லில்லாத ஈறில் விரலை அழுத்தி, உதடு கிழிய ஊதினேன். இரண்டு நீளம், ஒரு குட்டை. கேவலமான விசில்தான். ஆனால் உலகத்திலேயே அவ்வளவு கேவலமாக விசிலடிக்கிறவன் நான் ஒருவன்தான். அவள் நின்றாள். பாதி திரும்பினாள். அவள் கால் வைத்திருந்த மண் சரசரவென்று உதிர்ந்தது. நான் சறுக்கிப் போய்ப் புடவையைப் பிடித்தேன், அப்புறம் கையைப் பிடித்தேன்.

"விடுங்க. அவ கூப்பிடறா. விடுங்கங்க."

"அது பாப்பா இல்ல புள்ள."

"அவதான். எனக்குத் தெரியாதா?"

"இல்ல. வா மேல. சொல்றேன், வா."

தரதரவென்று இழுத்துக்கொண்டு வெள்ளைக் கல்லுக்கு இந்தப் பக்கம் வந்து இருவரும் விழுந்தோம். அவள் முழங்கை தேய்ந்து ரத்தம் வந்தது. கீழே குரல் இன்னும் கூப்பிட்டுக்கொண்டிருந்தது. ஆறு வருஷமாக வராத நாளை அப்போதுதான் வந்தது.

"மூணும் எப்பவோ முடிஞ்சிடுச்சு. நீ ரெண்டாவது கேட்டியே, அதுதான் மூணாவது. மொதல்ல கேட்டவன் நான்."



"எப்ப?"

"அவ போன மூணாம் மாசம். தையில."

"கல்லு எடுக்கலியே."

"எடுக்கல."

"எதுக்குக் கூப்புட்டீங்க?"

ஆறு வருஷமாக எந்தக் கேள்விக்குப் பயந்து செத்தேனோ அதே கேள்வி. "மாடு... செவல உள்ள போயிடுச்சு. வளைச்சு ஓட்டச் சொல்லி... பழக்கத்துல வாயில வந்துடுச்சு."

அவள் அடிக்கவில்லை, கத்தவில்லை. அடித்திருந்தால் தேவலை.

"என்ன சொன்னா?"

"தோ வரேன்ப்பான்னா."

"நீங்க என்ன பண்ணீங்க?"

"பயந்துட்டேன். ஓடியாந்துட்டேன்."

அவள் முந்தானையை எடுத்து முழங்கையில் அழுத்திப் பிடித்துக்கொண்டாள். கையில் இன்னும் அந்தக் கடைசிக் கல் இருந்தது. போடக்கூட இல்லை. அதை ரொம்ப நேரம் உருட்டிக்கொண்டிருந்தாள்.

"மூணும் முடிஞ்சிடுச்சுன்னா இப்பச் சொல்லலாம், இல்ல?" என்றாள். குரல் சாதாரணமாகத்தான் இருந்தது. "மொத தடவ நான் கூப்புட்டப்ப, அப்பா எங்கம்மான்னு கேட்டா. அவ்வளவுதான். எனக்கு ஒண்ணும் சொல்லல. அப்பா எங்கம்மா. ரெண்டாந் தடவ, அப்பா இன்னும் வரலியாம்மான்னு கேட்டா. அதுக்குத்தான் மூணாவத உங்களுக்குன்னு வச்சேன். அப்பன் மேல உசுரா இருந்த புள்ள, அப்பனத் தேடுதுன்னு நெனச்சேன்."

கல்லை என் உள்ளங்கையில் வைத்தாள்.

"நீங்க கூப்புட்டீங்கன்னு வந்து நின்னுருக்கா. ஆளக் காணோம்."

எழுந்து புடவை மண்ணைத் தட்டிவிட்டு வீட்டுப் பக்கம் நடந்தாள். அவள் என்னை விட்டுப் போய்விடவில்லை. இன்றைக்கும் சோறு போடுகிறாள், மறுபடி 'ங்க' போட்டுத்தான் பேசுகிறாள். பிள்ளையைப் பற்றி மட்டும் என்னிடம் ஒரு வார்த்தை பேசுவதில்லை. அந்தப் பேச்சை என்னோடு பேசுவதற்கு இனி எனக்கு யோக்கியதை இல்லை என்று முடிவு செய்துவிட்டாள் போலிருக்கிறது. சரியாகத்தான் முடிவு செய்திருக்கிறாள்.

ஒரு வருஷம் ஆகிறது. நான் தினமும் மத்தியானம் வெள்ளைக் கல்லுக்கு இந்தப் பக்கம் போய் நிற்கிறேன். கல் சட்டைப் பையில் இருக்கிறது. சில நாள் கீழேயிருந்து குரல் வரும், அப்பா என்று. அது அவள் இல்லை என்று எனக்கு நன்றாகத் தெரியும். ஒரு அடிகூட உள்ளே வைப்பதில்லை. ஆனாலும், "இங்கதாம்மா இருக்கேன்" என்று பதில் சொல்கிறேன். கேட்க வேண்டியவள் கேட்கமாட்டாள் என்று தெரிந்தேதான் சொல்கிறேன்.

அவளுடைய 'தோ'வுக்கு அரை மணி நேரம் என்று தெரிந்தவன் இந்த உலகத்தில் நான் ஒருவன்தான். எப்படியும் வந்துவிடுவாள் என்றும் எனக்குத் தெரியும். அன்றைக்கு அந்த அரை மணி நேரம் நான் அங்கே நின்றிருக்க வேண்டும்.